'விட்டா போயிடுங்க': ஒரு ஃபவுண்டரி அதிகாரியுடன் பன்னிரண்டு அமர்வுகள்

இது 2023-இல் கோயம்புத்தூரில் நான் செய்த ஒரு கோச்சிங் பணியின் பதிவு. சம்பந்தப்பட்டவரின் எழுத்துப்பூர்வ சம்மதத்தோடு எழுதுகிறேன். அவரையும் நிறுவனத்தையும் காட்டிக்கொடுக்கக்கூடிய விவரங்களை மாற்றியிருக்கிறேன். வரைவை அவரிடம் காட்டினேன். இரண்டு இடங்களை எடுத்துவிடச் சொன்னார், எடுத்துவிட்டேன்.

சைக்கோடைனமிக் என்று தொழிலில் சொல்லும் உளவியக்க அணுகுமுறையில்தான் நான் வேலை செய்கிறேன். அதன் அடிப்படை ஒன்றும் பெரிய ரகசியம் இல்லை. தனக்கே நஷ்டம் என்று தெரிந்தும் ஒருவர் ஒரு காரியத்தைத் திரும்பத் திரும்பச் செய்தால், அதற்கு அவர் கண்ணுக்குப் படாத ஒரு காரணம் இருக்கும். அந்தக் காரணம் கோச்சோடு அவர் பழகும் விதத்திலும் எப்படியாவது தலைகாட்டும். இந்தப் பணியில் அது அவரிடம் மட்டும் தலைகாட்டவில்லை.

பின்னணி

பம்பு பாகங்களுக்கு வார்ப்படம் செய்யும் குடும்ப நிறுவனம். மூன்று ஷிஃப்ட், ஏறத்தாழ 400 பேர். நிறுவியவருக்கு வயது 71. வாரிசு வெளிநாட்டில் வேறு துறையில் இருக்கிறார், திரும்பி வருகிற எண்ணம் இல்லை. அதனால் பத்தொன்பது வருடமாகக் கூடவே இருக்கும் செயல்பாட்டுத் தலைவரைத் தலைமை நிர்வாகி ஆக்கலாம் என்று பேச்சு. அவருக்கு வயது 46. அச்சுப் பிரிவில் டிரெய்னியாகச் சேர்ந்து படிப்படியாக மேலே வந்தவர்.

மனிதவளத் தலைவர்தான் என்னைக் கூப்பிட்டார். சொல்லப்பட்ட பிரச்சினை இதுதான்: எதையும் அடுத்தவரிடம் விட மாட்டார். காலை ஆறு மணிக்கே மோல்டிங் பக்கம் நிற்பார். கீழே இருப்பவர்கள் போட்ட கொட்டேஷனை இரவு உட்கார்ந்து முதலிலிருந்து மறுபடி போடுவார். ஒன்றரை வருடத்தில் மூன்று மேலாளர்கள் வேலையை விட்டுப் போயிருந்தார்கள். முதலாளியின் வார்த்தையில், "தங்கமான பையனுங்க அம்மணி. ஆனா பத்துக் கையும் அவனோடதாவே இருக்கோணும்."

ஒப்பந்தமும் ஆரம்ப முடிவுகளும்

எட்டு மாதத்தில் பன்னிரண்டு அமர்வு, ஒவ்வொன்றும் 75 நிமிடம். பணம் நிறுவனம் தரும். அமர்வில் பேசுவது எங்கள் இருவருக்குள் இருக்கும். முதலாளிக்கு மூன்று முறை மட்டும், மூவரும் ஒன்றாக உட்கார்ந்து, அவர் முன்னிலையிலேயே நிலவரம் சொல்லப்படும். இதை ஒரு பக்கத் தாளில் எழுதி மூவரும் கையெழுத்துப் போட்டோம். அந்தத் தாளை நானே மீறினேன், அதைப் பின்னால் சொல்கிறேன்.

இடம் பற்றி ஒரு சின்ன இழுபறி. ஃபேக்டரியிலேயே வைத்துக்கொள்ளலாம் என்றார் அவர். மறுத்துவிட்டு ரேஸ்கோர்ஸ் பகுதியில் ஒரு அறை எடுத்தேன். ஃபோன் அடித்தால் ஓடிப்போக முடிகிற இடத்தில், எதையும் விட முடியாத ஒருவரோடு பேசிப் பயனில்லை. இடமும் நேரமும் மாறாமல் இருந்தால்தான் ஏதாவது மாறும்போது அதற்கு அர்த்தம் இருக்கும்.

அமர்வுகளுக்கு முன் எட்டுப் பேரைத் தனித்தனியாகச் சந்தித்தேன். 'விட மாட்டார்' என்பதை எல்லோரும் சொன்னார்கள். அது எதிர்பார்த்ததுதான். எதிர்பாராதது இரண்டு. முதலாவது, கொட்டேஷனுக்கு நான்கு கையெழுத்து வேண்டும், கடைசிக் கையெழுத்து எப்போதும் முதலாளியுடையது, தொகை என்னவாக இருந்தாலும். இரண்டாவது, இரவு ஷிஃப்ட் சூப்பர்வைசர்களை முதலாளி நேரடியாக ஃபோனில் கூப்பிட்டு ரிஜெக்‌ஷன் எவ்வளவு என்று கேட்பார். செயல்பாட்டுத் தலைவருக்கு இது மறுநாள்தான் தெரியவரும். இரண்டையும் குறித்து வைத்துக்கொண்டேன். ஆனால் கையில் வந்த கேஸ் 'விடத் தெரியாத மனிதர்' என்று வந்ததால், நானும் அந்த மனிதரையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

முதல் மூன்று அமர்வுகள்

பத்து நிமிடம் முன்னதாகவே வந்து வெளியே காத்திருப்பார். கையில் ஒரு நீல நோட்டு. நான் சொல்வதை வரி வரியாக எழுதிக்கொள்வார். முதலாளியைப் பற்றிப் பேசும்போது குரல் தாழும், 'ஐயா' என்பதற்கு மேல் ஒரு வார்த்தை வராது. தன் ஆட்களைப் பற்றிப் பேசும்போது மட்டும் முகம் இறுகும். "நல்ல பசங்கதாங்க மேடம். ஆனா விட்டா போயிடுங்க." எது போய்விடும் என்று கேட்டேன். ஆர்டர் என்றார், கஸ்டமர் என்றார், அப்புறம் சும்மா இருந்துவிட்டார்.

இரண்டாம் அமர்வில் நான் ஒரு சாதாரண வேலை செய்தேன். எந்த முடிவை யார் எடுப்பது என்று பிரிக்கும் அட்டவணை ஒன்றைக் கொடுத்தேன். மூன்றாம் அமர்வுக்கு அதை அச்செழுத்துப் போல நிரப்பிக் கொண்டுவந்தார். ஃபேக்டரியில் ஒன்றுகூட மாறவில்லை. நல்ல மாணவன் வீட்டுப்பாடத்தைக் காட்டுவது போலக் காட்டினார், நானும் நல்ல டீச்சர் போலப் பாராட்டினேன். எங்கள் இருவருக்கும் அதில் ஒரு சௌகரியம் இருந்தது என்று இப்போது தெரிகிறது.

நான்காம் அமர்வு: பன்னிரண்டு நிமிடம்

ஏப்ரலில் அவிநாசி ரோட்டில் மேம்பால வேலை நடந்துகொண்டிருந்தது. அதில் சிக்கி அமர்வுக்குப் பன்னிரண்டு நிமிடம் தாமதமாகப் போனேன். "பரவாயில்லைங்க மேடம், நீங்க எவ்வளவு வேலைக்கு நடுவுல வர்றீங்க" என்றார். முகத்தில் எதுவும் இல்லை. அன்று அவர் நோட்டைத் திறக்கவில்லை என்பதை மட்டும் கவனித்தேன்.

அதற்கு நான் என்ன செய்தேன் என்பதுதான் முக்கியம். அமர்வை அரை மணி நேரம் நீட்டினேன். அதோடு விடவில்லை. இரவு பதினொரு மணிக்கு உட்கார்ந்து அன்று பேசியதை மூன்று பக்கத்துக்குத் தொகுத்து அனுப்பினேன். அவரே யோசித்து எழுத வேண்டிய குறிப்பு அது. பதினைந்து வருடத் தொழிலில் யாருக்கும் நான் அப்படி அனுப்பியதில்லை.

அடுத்த வாரம் சென்னையில் இருக்கும் என் மேற்பார்வையாளரோடு வீடியோவில் பேசினேன். (எங்கள் வேலையில் மேற்பார்வை என்பது அதிகாரி வந்து பரிசோதிப்பது கிடையாது. அனுபவசாலி ஒருவரிடம் கேஸைக் கொண்டுபோய் வைப்பது.) எல்லாம் கேட்டுவிட்டு அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "ராத்திரி பதினொரு மணிக்கு அடுத்தவர் வேலையைத் தானே செய்கிறவர் யாரம்மா? உன் க்ளையன்ட்டா, நீயா?"

சிகிச்சை தருபவருக்குள் எழும் உணர்வுகளை எதிர் இடமாற்றம் என்பார்கள். வெகுகாலம் அதை ஒரு குறையாகவே பார்த்தார்கள், அடக்கி வைக்க வேண்டிய ஒன்றாக. 1950-இல் பௌலா ஹைமன் என்ற உளப்பகுப்பாய்வாளர் அதைத் திருப்பிப் போட்டார்: அந்த உணர்வு எதிரில் இருப்பவரின் மனத்தைப் பற்றிய தகவலாகவும் இருக்கலாம், ஒரு கருவியாக அதைப் பயன்படுத்தலாம் என்றார். இதைப் படித்திருக்கிறேன், வகுப்பில் சொல்லிக்கொடுத்தும் இருக்கிறேன். ஆனாலும் அந்த மூன்று பக்கத்தை அனுப்பும்போது அது நினைவுக்கு வரவில்லை. அந்த இரவு நான் உணர்ந்தது, 'இதை நான் செய்யாவிட்டால் எல்லாம் கெட்டுவிடும்' என்ற பதற்றம். கிட்டத்தட்ட அவருடைய வாக்கியம்தான்.

ஒரு எச்சரிக்கை. நமக்குள் எழுவதெல்லாம் எதிரில் இருப்பவருடையது என்று எடுத்துக்கொள்வது சோம்பேறித்தனம். நான் வீட்டுக்கு மூத்த பெண், தாமதத்துக்குக் குற்றவுணர்வு என்பது என் சொந்தச் சரக்கும்கூட. மேற்பார்வையில் பாதி நேரம் அதைப் பிரித்தெடுக்கவே போனது.

ஐந்தாம் அமர்வு: லேத் பட்டறை

முடிவு செய்தபடி, ஆரம்பத்திலேயே சொன்னேன்: "போன தடவை நான் லேட். நீங்கள் ஒன்றும் சொல்லவில்லை. நான் பயந்துபோய் உங்கள் வேலையையும் சேர்த்துச் செய்து அனுப்பிவிட்டேன். இது உங்களுக்கு எங்கேயாவது பழக்கமானதாகத் தெரிகிறதா?"

ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு சிரித்துக்கொண்டே, "எங்கப்பா மாதிரி பேசறீங்க, மேடம். அவரு மட்டும் சாரி சொல்லியிருக்க மாட்டாரு" என்றார்.

அப்பாவுக்குக் கோயம்புத்தூரின் கணபதி பகுதியில் லேத் பட்டறை. கணக்கையும் வசூலையும் தம்பியிடம் விட்டிருந்தார். தம்பி கடனுக்கு வேலை எடுத்து எடுத்து, ஒரு நாள் பட்டறையே கைமாறிப் போனது. அப்போது இவருக்குப் பதினான்கு வயது. அதற்கு முந்தைய ஒரு வருடமாகப் பள்ளி விட்டு வந்து கணக்கு நோட்டை எழுதியது இவர்தான். தொகை உதைக்கிறது என்று அப்பாவிடம் சொல்லியிருக்கிறார். "சின்னப் பையன் நீ, சித்தப்பா பாத்துக்குவான்" என்று பதில். பட்டறை போன பிறகு அப்பா யாரிடமும் அதிகம் பேசவில்லை. வேலை கிடைத்த செய்தியைச் சொன்னபோதுகூடத் தலையை மட்டும் ஆட்டினாராம்.

டேவிட் மாலன் என்ற உளவியல் சிகிச்சையாளர் விளக்கிய முக்கோணம் ஒன்று உண்டு. ஒரு முனையில் இன்றைய உறவு, இன்னொன்றில் பழைய உறவு, மூன்றாவதில் சிகிச்சை அறைக்குள் இருக்கும் உறவு. மூன்றிலும் ஒரே கோலம் தெரிந்தால் அதைத் தொட்டுக்காட்டலாம். இங்கே ஐயா, அப்பா, நான். மூன்று பேரிடமும் கோபம் வரும்போது வாய் மூடிக்கொள்கிறது, கை வேலையை இழுத்துப் போட்டுக்கொள்கிறது. நினைவுபடுத்திக்கொள்ளாததை மனிதன் செயலில் திரும்ப நடத்துகிறான் என்று ஃபிராய்ட் 1914-இல் எழுதினார். இவர் எதையும் மறந்திருக்கவில்லை, ஒவ்வொரு தேதியும் சொன்னார். ஆனால் இரவு கொட்டேஷனோடு அதைச் சேர்த்துப் பார்த்ததில்லை.

முக்கோணத்தை நான் அவரிடம் வரைந்து காட்டவில்லை. விளக்கம் கொடுத்தால் நீல நோட்டில் எழுதிக்கொள்வார், அதோடு சரி. "இப்போது உங்கள் சூப்பர்வைசர்களில் யாராவது தொகை உதைக்கிறது என்று உங்களிடம் சொன்னால் என்ன ஆகும்?" என்று மட்டும் கேட்டேன். பதில் வரவில்லை. அடுத்த வாரம் ஒரு கொட்டேஷனை மறுபடி போடாமல் அனுப்பினார். இரவு முழுக்கத் தூங்கவில்லை என்று சொன்னார்.

ஆறாம் அமர்வு: எல்லைக்கோடு

தூக்கம் பற்றிச் சொன்னதால் மேலும் கேட்டேன். மாதக்கணக்கில் மூன்று மூன்றரைக்கே விழிப்பு, எடை குறைவு, பேச்சின் நடுவே கண் கலங்குவது. இங்கே கோச் செய்யக் கூடாத ஒன்று உண்டு: கதை சுவாரசியமாகத் திறக்கிறது என்பதற்காகத் தோண்டிக்கொண்டே போவது. உயிரை மாய்த்துக்கொள்ளும் எண்ணம் உண்டா என்று நேராகக் கேட்டேன். இல்லை என்றார், கேட்டதில் அவருக்குக் கோபமில்லை. மதுவும் கிடையாது. ஒரு மனநல மருத்துவரைப் பார்க்கச் சொன்னேன். "அப்ப எனக்குப் பைத்தியமா?" என்றார். அவர் பார்க்கச் சம்மதிக்க ஐந்து வாரம் ஆனது.

இந்த இடைவெளியில் அமர்வுகளை நிறுத்த வேண்டுமா என்று மேற்பார்வையில் பேசினோம். நிறுத்தினால் 'மனதைத் திறந்தேன், கைவிட்டார்கள்' என்று ஆகிவிடலாம். தொடர்வது, ஆனால் பழைய கதைக்குள் மேலும் போகாமல் ஃபேக்டரி விஷயத்திலேயே நிற்பது என்று முடிவெடுத்தோம். அது சரி என்றே இன்னும் நினைக்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை ஃபோன்

மார்ச்சிலிருந்தே ஞாயிறு காலையில் முதலாளி என்னைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். "ஏனுங்க அம்மணி, தம்பி தேறிருவாப்லீங்களா?" ஒரு நிமிடப் பேச்சு. பெரிய மனிதர், வயதானவர், பணம் தருபவர். எதையும் சொல்வதில்லை என்று நினைத்துக்கொண்டு "நல்லா வர்றாருங்க ஐயா" என்று சொல்லிக்கொண்டிருந்தேன். ஒப்பந்தத் தாளை நான் மீறியது இப்படித்தான், மாதக்கணக்கில், மரியாதையாக.

ஜூன் கடைசியில் ஒரு மீட்டிங்கில் பத்துப் பேர் முன்னால் முதலாளி அவரிடம், "அம்மணி சொன்னாங்க, நீ நல்லா வர்றியாம்" என்று சொல்லியிருக்கிறார். ஏழாம் அமர்வுக்கு அவர் வரவில்லை. ஃபர்னஸ் பிரேக்டவுன் என்று மெசேஜ்.

அடுத்த முறை வந்தபோது நோட்டும் இல்லை, சிரிப்பும் இல்லை. விஷயத்தைச் சொன்னார். நான் நியாயப்படுத்தவில்லை. "தப்பு என்னுடையது. நான் எடுத்திருக்கக் கூடாத ஃபோன்" என்றேன். அவர் முதல் தடவையாகக் குரல் உயர்த்தினார். இருபது நிமிடம். என்னிடம் ஆரம்பித்து, சித்தப்பாவிடம் போய், ஐயா இரவில் சூப்பர்வைசர்களைக் கூப்பிடுவதில் வந்து நின்றது. "எனக்குத் தெரியாம என் ஆளுங்கிட்ட பேசுவாரு, எனக்குத் தெரியாம உங்ககிட்ட பேசுவாரு. அப்புறம் நான் விட மாட்டேங்கறேன்னு சொல்லுவாரு."

ஆரம்பத்தில் குறித்து வைத்து ஓரம் கட்டிய இரண்டு தகவல்களும் அப்போதுதான் எனக்கு உறைத்தன. நிறுவனத்தில் நடப்பது கோச்சிங் அறைக்குள்ளும் அப்படியே நடந்திருந்தது. மேற்பார்வையில் இப்படி ஒரு எதிரொலி வருவதை ஹெரால்ட் சியர்ல்ஸ் என்ற உளப்பகுப்பாய்வாளர் 1955-இலேயே எழுதியிருக்கிறார். முதலாளி அவரைச் சுற்றிக்கொண்டு கீழே போகிறார். அதேபோல அவரைச் சுற்றிக்கொண்டு என்னிடம் வந்தார், நானும் இடம் கொடுத்தேன். 'விட்டா போயிடுங்க' என்பது ஒரு ஆளின் வாக்கியமாக இருந்தால் சூப்பர்வைசர்களை இரவில் கூப்பிடுவது யார்? நான்கு கையெழுத்து எதற்கு?

1960 வாக்கில் லண்டன் ஆஸ்பத்திரி ஒன்றின் நர்ஸுகளை ஆராய்ந்த உளப்பகுப்பாய்வாளர் இசபெல் மென்ஸீஸ், சரிபார்ப்புக்கு மேல் சரிபார்ப்பு, முடிவுகளை மேலே மேலே தள்ளிவிடும் வழக்கம் இவையெல்லாம் வேலையின் தேவைக்காக மட்டும் வந்தவை அல்ல, அந்த வேலை கிளப்பும் பதற்றத்தைத் தாங்க நிறுவனமே கட்டிக்கொண்ட வேலி என்று காட்டினார். இங்கே பதற்றம், எழுபத்தொரு வயதில் பிடியை விடுவது பற்றியது. விட முடியாத ஒருவரை வாரிசாக வைத்திருக்கும்வரை ஐயாவும் விட வேண்டியதில்லை. 'இன்னும் பக்குவம் வரல' என்று தள்ளிப்போடலாம். என்னைக் கூப்பிட்டதும்கூடத் தள்ளிப்போடும் வழிகளில் ஒன்றாக இருந்திருக்கலாம். யாரும் திட்டமிட்டுச் செய்ததாக நான் நினைக்கவில்லை.

மூவர் சந்திப்பு

முதல் சந்திப்பு மே மாதத்திலேயே சம்பிரதாயமாக முடிந்திருந்தது. ஆகஸ்டில் நடந்த இரண்டாவதுக்கு முன் இரண்டு அமர்வு அதற்கான தயாரிப்பாகவே போனது. எழுத்தில் எதைக் கேட்பது என்பதை அவரே முடிவு செய்தார்: 25 லட்சம் வரை கொட்டேஷன் முதலாளி கையெழுத்து இல்லாமல் போக வேண்டும், அதில் பத்து லட்சம் வரை தன் மேலாளர்கள் தன்னையும் கேட்காமல் அனுப்பலாம், இரவு ஷிஃப்ட்டுக்கு நேரடி ஃபோன் கூடாது. நான் ஒரு வரியும் எழுதிக்கொடுக்கவில்லை. கை அரித்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

சந்திப்பில் ஞாயிறு ஃபோனை முதலில் நானே எடுத்து வைத்து, இனி எடுக்க மாட்டேன் என்றேன். பிறகு அவர் தாளை நீட்டினார். ஐயா படித்துவிட்டு, "என்னைய வேண்டாங்கறியா?" என்றார். அறையில் சத்தமே இல்லை. இதற்கு முன்னால் என்றால் "ஐயோ, இல்லீங்கய்யா" என்று தாளை மடித்துப் பைக்குள் வைத்திருப்பார். "இல்லீங்கய்யா. இதை மட்டும் குடுங்கன்னு கேக்கறேன்" என்றார்.

முதலாளியின் பயத்தை அங்கே நான் எடுத்துப் பேசவில்லை. அவர் என் க்ளையன்ட் இல்லை, கேட்காத மனிதருக்கு அவர் மனதைப் படித்துச் சொல்வது அத்துமீறல். ஒன்று மட்டும் கேட்டேன்: "ஐயா, பொறுப்பைக் கொடுத்த மறுநாள் காலையில் நீங்கள் எங்கே இருப்பீர்கள்?" அவர் ஜன்னல் பக்கம் பார்த்துவிட்டு, "அதாங்க அம்மணி தெரியல" என்றார்.

பின்னர் நடந்தவை

மூன்று வாரம் முதலாளி அவரோடு வேலைக்கு மேல் ஒரு வார்த்தை பேசவில்லை. அந்த நாட்களில் இவர் மறுபடி காலை ஆறு மணிக்கு மோல்டிங் பக்கம் போய் நிற்க ஆரம்பித்தார். இரண்டு கொட்டேஷனையும் திருத்தினார். பிறகு ஒப்புதல் வந்தது, பாதிக்கு: 25 லட்சம் 15 ஆனது, மேலாளர்களுக்குப் பத்து ஐந்தாக ஆனது. இரவு ஃபோன் பற்றிப் பதிலே இல்லை, ஆனால் குறைந்தது.

செப்டம்பரில் ஒரு மேலாளர் தவறான எடைக் கணக்கில் ஒரு கொட்டேஷனை அனுப்பி, சுமார் நான்கு லட்சம் நஷ்டம். பயந்தது நடந்துவிட்டது. அன்று இரவு எனக்கு ஃபோன் செய்யத் தோன்றியதாம், செய்யவில்லை. மறுநாள் அந்த மேலாளரைக் கூப்பிட்டுக் கணக்கை முதலில் இருந்து அவரையே போட வைத்துப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். "கை நடுங்குச்சுங்க மேடம், எனக்கு" என்றார். அந்த மேலாளர் இன்னும் அங்கேதான் இருக்கிறார்.

அக்டோபரில் பன்னிரண்டாம் அமர்வோடு முடித்தோம். மருந்தும் தூக்கமும் அவர் மருத்துவரின் பொறுப்பு, அதில் முன்னேற்றம் உண்டு என்று மட்டும் சொன்னார். தலைமை நிர்வாகி பதவி அந்த வருடம் வரவில்லை. 2024 நடுவில் வந்தது, செக் கையெழுத்து மட்டும் இன்னும் ஐயாவிடம். இதை வெற்றி என்று மனிதவளத் துறை தன் அறிக்கையில் எழுதியது. நான் அந்த வார்த்தையைப் போட்டிருக்க மாட்டேன்.

மாற்றிச் செய்வது

ஞாயிறு ஃபோனைப் பற்றி இனியும் சொல்ல ஒன்றுமில்லை. அதன் பிறகு பலன் கிடைத்ததால் மீறியது நல்லதாகிவிடாது. அவர் வராமல் நின்றிருந்தால் இந்தக் கேஸ் ஏழாம் அமர்வோடு முடிந்திருக்கும், இன்னொரு சித்தப்பா கதையாக.

உடல்நலக் கேள்விகளை முதல் அமர்விலேயே கேட்பேன். காலை மூன்று மணி விழிப்பு அப்போதே இருந்திருக்கிறது, நான் கேட்காததால் அவர் சொல்லவில்லை.

'இவரைச் சரிசெய்து கொடுங்கள்' என்று வந்தால், கேட்பவரோடு தனியாக ஒரு முழு அமர்வு உட்காராமல் இனி ஒப்புக்கொள்வதில்லை. எட்டுப் பேரைச் சந்தித்தேன், அதில் முதலாளிக்குக் கொடுத்தது அரை மணி நேரம். அந்த அரை மணியிலும் பேசியது முழுக்க அவருடைய 'பையனை'ப் பற்றி.

இவ்வருடத் தொடக்கத்தில் நிறுவனத்திலிருந்து மறுபடி கூப்பிட்டார்கள், ஐயாவுக்கே கோச்சிங் வேண்டுமாம், நானே செய்ய முடியுமா என்று. ஒரே வீட்டின் இரண்டு பக்கத்தையும் ஒருவர் பார்ப்பது சரிவராது என்று சொல்லிச் சென்னையில் வேறொருவரின் நம்பரைக் கொடுத்தேன். இன்றுவரை ஐயா அவரைக் கூப்பிடவில்லை.